ஒரு தொட்டி நத்தைக்கு எத்தனை பெயர்?

ஃபைசெல்லா அக்யூட்டா (டிராபர்னோ, 1805).

ஒரு நன்னீர் நத்தையின் முழு அறிவியல் பெயர் இது. இரண்டு லத்தீன் சொல், ஓர் ஆளின் பெயர், ஓர் ஆண்டு, அந்த இரண்டையும் சுற்றி ஓர் அடைப்புக்குறி. இந்த மாதிரி வரிகளை மனப்பாடம் செய்து மதிப்பெண் வாங்கிய நம்மில் பலருக்கு, அந்த அடைப்புக்குறி எதற்கு என்று யாரும் சொல்லித் தந்ததில்லை. அச்சுக்கோத்தவர் அழகுக்குப் போட்டது என்றே நினைத்திருப்போம்.

இந்த நத்தையின் சொந்த ஊர் வட அமெரிக்கா. இன்று அண்டார்டிகா தவிர எல்லாக் கண்டத்திலும் இருக்கிறது. பெயர் வைத்தவரோ பிரெஞ்சுக்காரர். அவர் பெயர் வைத்தது பிரான்சு நாட்டு ஆற்றில் கிடைத்த நத்தைக்கு. அதற்குப் பிறகு அமெரிக்காவிலும் இதே நத்தைக்கு வேறு வேறு பெயர்கள் வைத்தார்கள். இந்தியக் கட்டுரைகளிலும் இன்னொரு பெயரில் எட்டிப் பார்த்திருக்கிறது. ஒரே ஆளுக்கு நாலு ஊரில் நாலு ரேஷன் கார்டு மாதிரி. கார்டு நாலு இருக்கிறவரை ஆள் ஒருவர்தான் என்பது யாருக்கும் தெரியாது. வகைப்பாட்டியல் என்ற துறை இந்தக் கார்டுகளை எல்லாம் மேசையில் பரப்பி, எது செல்லும், எது செல்லாது என்று பார்க்கிற வேலை. அது எப்படி நடக்கிறது என்பதை இந்த ஒரு நத்தையை வைத்தே பார்த்துவிடலாம்.

முதலில் ஆளைப் பார்ப்போம்

நீலகிரியில் இருப்பவர்கள் இதைப் பார்க்க ஆற்றங்கரை தேடிப் போக வேண்டியதில்லை. கோத்தகிரியில் எங்கள் பக்கத்து வீட்டில் ஒரு மீன்தொட்டி இருக்கிறது. கோயம்புத்தூரில் மீன் வாங்கினார்கள், தண்ணீர்ச் செடி வாங்கினார்கள். நத்தையை யாரும் வாங்கவில்லை. ஆனால் இலையின் அடியில் ஒட்டியிருந்த கூழ் போன்ற முட்டைத் திப்பியை யாரும் கவனிக்கவும் இல்லை. கொஞ்ச நாளில் கண்ணாடி முழுக்க நத்தை. “எங்கிருந்து அண்ணா வந்துச்சு இவ்வளவும்?” என்று அந்த வீட்டுப் பையன் கேட்டான். செடியோடு வந்தது என்றால் நம்ப மாட்டேன் என்கிறான்.

பெரிதாக வளர்ந்தாலும் ஒன்று, ஒன்றரை சென்டிமீட்டர்தான். ஓடு மெல்லியது, பளபளப்பு உண்டு. தொட்டி விளக்கைப் போட்டால் உடம்பின் மேலுள்ள மஞ்சள் புள்ளிகள் ஓட்டின் வழியாகவே தெரியும். கொம்பு இரண்டும் நூல் போல மெலிந்தவை. கண் கொம்பின் நுனியில் இல்லை, அடியில் இருக்கும். தோட்டத்து நத்தையில் கண் நுனியில் இருப்பதைப் பார்த்தவர்களுக்கு இந்த வித்தியாசம் உடனே தெரிந்துவிடும். அவ்வப்போது மேலே வந்து காற்றை எடுத்துக்கொண்டு இறங்கும், ஏனென்றால் இதற்குச் செவுள் இல்லை, நுரையீரல் போன்ற ஓர் அறைதான் உண்டு. தண்ணீரின் மேற்பரப்புக்குக் கீழே தலைகீழாகத் தொங்கியபடியே ஊர்ந்து போவதைப் பார்த்துக்கொண்டே இருக்கலாம். உள்ளே இழுத்துக்கொண்டால் வாயை அடைக்கும் மூடி கிடையாது.

இன்னொரு அடையாளம் இருக்கிறது. இதுதான் முக்கியமானது. நத்தை ஓட்டைக் கூர் நுனி மேலே வரும்படி, வாய் நம்மைப் பார்க்கும்படி பிடிக்க வேண்டும். வாய் எந்தப் பக்கம் திறக்கிறது? உலகத்து நத்தைகளில் பெரும்பாலானவற்றுக்கு வலது பக்கம். இந்த நத்தைக்கு இடது பக்கம்.

இங்கே நம் ஆட்களுக்குச் சின்னக் குழப்பம் வரும். பூசையில் வைக்கும் வலம்புரிச் சங்கு, நத்தை ஆய்வாளர் கணக்கில் ‘இடது’ வகை. நாம் சங்கைச் சுருள் நுனி கீழே இருக்கும்படி பிடித்து வலமா இடமா என்று சொல்கிறோம். அவர்கள் நுனியை மேலே வைத்துச் சொல்கிறார்கள். பொருளைக் கவிழ்த்தால் பக்கமும் மாறும். ஆகவே லட்சத்தில் ஒன்று என்று சொல்லப்படும் வலம்புரியின் சுழற்சி, பக்கத்து வீட்டுத் தொட்டியில் நூற்றுக்கணக்கில் ஊர்ந்துகொண்டிருக்கிறது. விலைதான் யாரும் கொடுக்க மாட்டார்கள்.

நம் நாட்டுக் குளத்து நத்தைகளிலிருந்து இதைப் பிரித்தறிய இந்த வாய்ப்பக்கம் பெரிய உதவி. லிம்னியா கூட்டத்து நத்தை பார்க்க இதே உருவம், ஆனால் வாய் வலது பக்கம். கொம்பும் அகன்று முக்கோணமாக இருக்கும். இண்டோபிளானார்பிஸ் தட்டையாக, சுருட்டி வைத்த கயிறு போல இருக்கும். கையில் எடுத்து நசுங்கினால் சிவப்பாகக் கசியும், அதன் இரத்தத்தில் நம் இரத்தத்தில் உள்ளது போலவே ஹீமோகுளோபின் உண்டு. பைலா என்னும் ஆப்பிள் நத்தை, வயலில் கிடைக்கும் பெல்லாமியா, மலை ஓடைப் பாறையில் ஒட்டியிருக்கும் பாலுடோமஸ் எல்லாவற்றுக்கும் வாயில் மூடி உண்டு. மூடி இல்லை, நுனி கூர், வாய் இடது, கொம்பு நூல்: நான்கும் சேர்ந்தால் ஃபைசிடே குடும்பம் என்று தைரியமாகச் சொல்லலாம்.

இரண்டு சொல், ஓர் ஆள், ஓர் ஆண்டு

குடும்பத்துக்குக் கீழே பேரினம், அதற்குக் கீழே சிற்றினம். ஃபைசெல்லா பேரினம், அக்யூட்டா சிற்றினத்தைக் குறிக்கும் சொல். இரண்டையும் சேர்த்துச் சொன்னால்தான் பெயர். அக்யூட்டா என்று தனியாகச் சொன்னால் எதையும் குறிக்காது. அந்தச் சொல் பல உயிரினங்களுக்கு உண்டு. ரோமன் எழுத்தில் எழுதும்போது பேரினத்தின் முதல் எழுத்து பெரிய எழுத்து, சிற்றினம் சிறிய எழுத்து, இரண்டும் சாய்வெழுத்து. தமிழில் பெரிய எழுத்து சிறிய எழுத்து கிடையாது என்பதால் நமக்கு அந்தத் தலைவலி இல்லை.

இந்த இருசொல் முறையை நிலைநிறுத்தியவர் சுவீடன் நாட்டு லின்னேயஸ். விலங்குப் பெயர்களுக்கான கணக்கு அவருடைய ‘சிஸ்டமா நேச்சுரே’ நூலின் பத்தாம் பதிப்பிலிருந்து தொடங்குகிறது. அது வெளியான ஆண்டு 1758. அதற்கு முன்னால் யார் என்ன பெயர் வைத்திருந்தாலும் செல்லாது. அதற்குப் பிறகு வைத்தவற்றில் எது முந்தியதோ அது செல்லும். இதற்கு முந்துரிமை விதி என்று பெயர். பன்னாட்டு விலங்கியல் பெயரிடு விதித்தொகுப்பு என்று ஒரு சட்டப்புத்தகமே இருக்கிறது. அதன் முதுகெலும்பு இந்த ஒரு விதிதான்.

அடைப்புக்குறிக்குள் இருக்கும் ஜாக் டிராபர்னோ, மான்ட்பெல்லியே நகரத்துக்காரர். பிரான்சின் நிலத்து நத்தைகளையும் ஆற்று நத்தைகளையும் விவரித்துப் பெரிய நூல் ஒன்று எழுதினார். நூல் வெளியானது 1805. ஆனால் அவர் 1804லேயே இறந்துவிட்டார், வயது 31. தன் பெயர் இன்னும் இருநூறு ஆண்டு ஒரு நத்தையின் பின்னால் ஒட்டிக்கொண்டு வரப்போகிறது என்பது தெரியாமலே போன மனிதர். அந்த நூலில் பிரான்சின் கரோன் ஆற்று நத்தை ஒன்றுக்கு அவர் வைத்த பெயர் ஃபைசா அக்யூட்டா. நுனி கூராக இருப்பதால் அக்யூட்டா. ஃபைசெல்லா இல்லை, ஃபைசா என்பதைக் கவனிக்கவும்.

அடைப்புக்குறி வருவது இந்த வித்தியாசத்தால்தான். முதலில் பெயர் வைத்தபோது எந்தப் பேரினத்தில் வைத்தாரோ அதே பேரினத்தில் இன்றும் இருந்தால் அடைப்புக்குறி வேண்டாம்: ஃபைசா அக்யூட்டா டிராபர்னோ, 1805. பின்னால் வந்தவர்கள் வேறு பேரினத்துக்கு மாற்றிவிட்டால் அடைப்புக்குறி வந்துவிடும்: ஃபைசெல்லா அக்யூட்டா (டிராபர்னோ, 1805). “பெயர் இவர் வைத்ததுதான், ஆனால் இந்த வீட்டில் அவர் வைக்கவில்லை” என்று அந்தக் குறி சொல்கிறது.

நாம் ஊதும் சங்குக்கும் இதே கதை. லின்னேயஸ் 1767இல் அதற்கு வொலூட்டா பைரம் என்று பெயர் வைத்தார். இன்று அது டர்பினெல்லா பைரம் (லின்னேயஸ், 1767). இன்னும் பக்கத்தில் வேண்டுமென்றால் வரையாடு இருக்கிறது. ஆகில்பி 1838இல் பெயர் வைத்தபோது அது கீமாஸ் ஹைலோக்ரியஸ். பிறகு நெடுங்காலம் இமயமலைத் தார் என்னும் காட்டாட்டுடன் சேர்த்து ஹெமிட்ராகஸ் ஹைலோக்ரியஸ் என்று எழுதினார்கள். பழைய நூல்களில் இன்றும் அப்படித்தான் இருக்கும். 2005இல் டிஎன்ஏவைப் பார்த்தபோது, நம் வரையாடு இமயமலைத் தாரைவிடச் செம்மறியாட்டுக் கூட்டத்துக்கு நெருக்கம் என்று தெரிந்தது. அதற்கென்றே புதிதாக நீல்கிரிட்ராகஸ் என்ற பேரினத்தை உண்டாக்கி அதில் வைத்தார்கள். முக்குர்த்தியில் மேய்ந்துகொண்டிருந்த ஆட்டுக்கு இதனால் ஒன்றும் ஆகவில்லை. ஹைலோக்ரியஸ் என்ற இரண்டாவது சொல்லும் மாறவில்லை. ஆகில்பியும் 1838ம் அடைப்புக்குறிக்குள் அப்படியே இருக்கிறார்கள். பேரினம் மாறும், சிற்றினச் சொல் கூடவே பயணம் போகும் என்பதற்கு இதைவிட நல்ல உதாரணம் மலையில் எனக்குக் கிடைக்கவில்லை.

கார்டுகள் எப்படிப் பெருகின

சரி, நத்தைக்கு வருவோம். 1817இல் அமெரிக்காவின் தாமஸ் சே, பிலடெல்பியா பக்கத்து நத்தைக்கு ஹெடிரோஸ்ட்ரோஃபா என்று பெயர் வைத்தார். வேறு பக்கம் திரும்பியது என்று பொருள், அந்த இடது வாயைப் பார்த்துத்தான். 1841இல் ஹால்ட்மன் ஃபைசா இண்டெக்ரா என்று ஒன்றை விவரித்தார். 1855இல் கூல்டு, மேற்கு அமெரிக்க நத்தைக்கு ஃபைசா விர்கேட்டா என்றார். இவை தவிர இன்னும் பல. இவர்கள் யாரும் சோம்பேறிகளோ அரைகுறைகளோ இல்லை. கையில் இருந்தது ஓடு; ஓடு வித்தியாசமாக இருந்தது; பெயர் வைத்தார்கள்.

ஓட்டை மட்டும் நம்பியதுதான் சிக்கல். இந்தக் குடும்பத்து நத்தைகளின் ஓடு சூழலுக்கு ஏற்ப உருவம் மாற்றிக்கொள்ளும். ஓட்டை நொறுக்கித் தின்னும் மீனின் வாசனை தண்ணீரில் இருந்தால், வளரும் குட்டிகள் உருண்டையான, நசுக்கக் கடினமான ஓட்டைக் கட்டுகின்றன. வாய் வழியாகக் காலை விட்டு இழுத்துத் தின்னும் நன்னீர் இறால் வகை இருந்தால், ஓடு நீண்டு வாய் குறுகுகிறது. மீனும் இறாலும் தொடக்கூட வேண்டாம், தண்ணீரில் கரைந்த வாசனை போதும். ஆக ஒரே தாயின் முட்டைகளை இரண்டு குளத்தில் வளர்த்தால் இரண்டு வித ஓடு கிடைக்கும். அருங்காட்சியக அலமாரியில் வெறும் ஓடாகப் பக்கத்தில் பக்கத்தில் வைத்தால் யாருக்கும் இரண்டு இனம் என்றுதான் தோன்றும்.

இதே மாதிரி ஒரு பெயர் மாற்றம் அவலாஞ்சி போனவர்கள் தெரிந்தே இருக்க வேண்டியது. வானவில் ட்ரவுட் மீனை வெள்ளைக்காரர்கள் தூண்டில் விளையாட்டுக்காக நீலகிரிக்குக் கொண்டுவந்தார்கள். அவலாஞ்சியில் அதற்கென்று குஞ்சு பொரிப்பகமே வைத்தார்கள். பழைய நூல்களில் அதன் பெயர் சால்மோ கைர்ட்னரி, 1836இல் அமெரிக்காவின் கொலம்பியா ஆற்று மீனுக்கு ரிச்சர்ட்சன் வைத்தது. ஆனால் 1792லேயே, ரஷ்யாவின் கம்சட்கா பக்கத்து மீனுக்கு வால்பாம் மைகிஸ் என்ற பெயரை வைத்திருந்தார். இரண்டும் ஒரே இனம் என்று முடிவானதும் முந்துரிமை விதிப்படி மைகிஸ் நின்றது, கைர்ட்னரி போனது. 1989இல் பேரினமும் மாறி, ஆன்கோரின்கஸ் மைகிஸ் ஆனது. அடைப்புக்குறிக்குள் வால்பாம், 1792. அமெரிக்காவிலிருந்து கிளம்பி உலகம் சுற்றிய மீனுக்கு, ரஷ்யக் கடற்கரைப் பெயர்.

தோற்றுப்போன பெயருக்கு இணைப்பெயர் என்று பெயர். அதை யாரும் அழிப்பதில்லை. இணைப்பெயர்ப் பட்டியலில் ஆண்டோடு இருக்கும். பழைய கட்டுரையில் கைர்ட்னரி என்று படித்தால் எந்த மீன் என்று கண்டுபிடிக்க அந்தப் பட்டியல்தான் வழி. என் கருத்தில், ஓர் உயிரினத்தைப் பற்றிப் படிக்கத் தொடங்குகிறவர் படத்துக்கு அடுத்தபடியாகப் பார்க்க வேண்டியது இணைப்பெயர்ப் பட்டியலைத்தான். பலர் அதை அடிக்குறிப்பு என்று நினைத்துத் தள்ளிவிடுகிறார்கள்.

ஒரே இனம் என்று எப்படி நிரூபிப்பது?

ஓடு ஏமாற்றுகிறது என்றால் வேறு எதைப் பார்ப்பது? இனம் என்பதற்குப் பாடப்புத்தகத்தில் உள்ள விளக்கம்: தங்களுக்குள் கூடி, வளமான சந்ததியைத் தரக்கூடிய கூட்டம். எர்ன்ஸ்ட் மேயர் 1942இல் இதைத் தெளிவாக வரையறுத்தார். அப்படியானால் பிரான்சு நத்தையையும் அமெரிக்க நத்தையையும் ஒன்றாக விட்டுப் பார்க்க வேண்டியதுதானே?

கேட்க எளிது. இந்த நத்தை இருபாலுயிரி. ஒவ்வொன்றும் ஆணும்தான், பெண்ணும்தான். அதோடு, துணை கிடைக்காவிட்டால் கொஞ்ச காலம் பொறுத்திருந்து தானே தன்னைக் கருவுறச் செய்துகொண்டு முட்டையிடும். தொட்டியில் ஒரே ஒரு நத்தை வந்தாலும் கூட்டம் பெருகுவதற்குக் காரணம் இதுதான். ஆய்வுக்கூடத்தில் இது தொல்லை. இரண்டு நாட்டு நத்தைகளை ஒரே கோப்பையில் விட்டால் குட்டி வரும், ஆனால் அது இரண்டின் குட்டியா, ஒன்று தனியாகப் பெற்றதா? அதனால் பருவம் வருவதற்கு முன்பே குட்டிகளைப் பிரித்துத் தனித்தனியாக வளர்க்க வேண்டும். பிறகு ஜோடி சேர்க்க வேண்டும். பிறக்கும் குட்டியில் இரு பெற்றோரின் மரபுக் கூறும் இருக்கிறதா என்று பார்க்க வேண்டும். அந்தக் குட்டியும் முட்டையிட்டு, அதிலிருந்தும் குஞ்சு வருகிறதா என்று காத்திருக்க வேண்டும். கோவேறு கழுதையில் நிற்பது இந்தக் கடைசிப் படியில்தான்.

தென் கரோலினாவின் சார்ல்ஸ்டன் கல்லூரியைச் சேர்ந்த ராபர்ட் டில்லனும் அவருடைய கூட்டாளிகளும் இந்த வேலையைச் செய்து 2002இல் முடிவை வெளியிட்டார்கள். ஐரோப்பாவின் அக்யூட்டாவுக்கும் அமெரிக்காவின் ஹெடிரோஸ்ட்ரோஃபா, இண்டெக்ரா இரண்டுக்கும் இடையே இனப்பெருக்கத் தடை எதுவும் இல்லை. மூன்று பெயரும் ஒரே இனம். 2007இல் வெதிங்டனும் லிடியர்டும் மைட்டோகாண்ட்ரியாவின் டிஎன்ஏவை வைத்து இந்தக் குடும்பத்துக்கே உறவு மரம் வரைந்தபோதும், இந்தப் பெயர்களில் இருந்த நத்தைகள் ஒரே கிளையில் வந்து அமர்ந்தன.

மூன்றில் முந்தியது எது? 1805. ஆகவே அக்யூட்டாதான் செல்லும். அமெரிக்க நத்தை, ஆனால் அமெரிக்கர் வைத்த பெயர் போய்விட்டது. டிராபர்னோ தன் ஊர் ஆற்று நத்தை என்று நினைத்து விவரித்தது, அட்லாண்டிக்கைக் கடந்து அவருக்கு முன்பே வந்து சேர்ந்துவிட்ட விருந்தாளியை. விதிக்கு இதைப் பற்றிக் கவலை இல்லை. முதலில் எங்கே பார்த்தார்கள், யாருடைய நாட்டு உயிரினம், பெயர் வைத்தவருக்கு அது தெரியுமா என்றெல்லாம் முந்துரிமை கேட்காது. எப்போது அச்சில் வந்தது என்று மட்டும் கேட்கும். சிலருக்கு இது அநியாயமாகப் படலாம். எனக்கு இதில் ஒரு நிம்மதி இருக்கிறது: சண்டைக்கு இடமில்லாத ஒரே கேள்வி அதுதான்.

பெயர்கள் ஒன்றான பிறகுதான் படமும் ஒன்றானது. ஐரோப்பாவில் ஓர் இனம், அமெரிக்காவில் சில இனங்கள் என்று இருந்தவரை இது ஊடுருவல் கதையே இல்லை; அங்கங்கே உள்ளூர் நத்தைகள், அவ்வளவுதான். ஒரே இனம் என்றதும், இவ்வளவு தூரம் எப்படிப் போனது, எந்தத் துறைமுகம், எந்தத் தண்ணீர்ச் செடி வியாபாரம் என்ற கேள்விகள் எழுகின்றன.

முதல் சொல்லில் மட்டும் இன்னும் தகராறு

இரண்டாவது சொல் தீர்ந்தது. முதல் சொல் தீரவில்லை. ஃபைசா என்ற பேரினத்தை 1801இல் உண்டாக்கியவரும் டிராபர்னோதான். ஒவ்வொரு பேரினத்துக்கும் ஒரு வகை இனம் உண்டு, அதாவது அந்தப் பேரினப் பெயர் எந்த இனத்தோடு கட்டப்பட்டிருக்கிறதோ அது. ஃபைசாவுக்கு அது ஐரோப்பாவின் ஃபைசா ஃபோன்டினாலிஸ். அக்யூட்டாவும் ஃபோன்டினாலிஸும் ஒரே பேரினத்தில் வைக்கும் அளவுக்கு நெருக்கமா? ஆம் என்பவர்கள் ஃபைசா அக்யூட்டா என்று அடைப்புக்குறி இல்லாமல் எழுதுகிறார்கள். இல்லை, கொஞ்சம் விலகியது என்பவர்கள் ஹால்ட்மன் 1842இல் உண்டாக்கிய ஃபைசெல்லாவில் வைக்கிறார்கள். உலகளாவிய மெல்லுடலிப் பட்டியலான மொலஸ்காபேஸ் இந்தப் பக்கம். 2003இல் டுவைட் டெய்லர் இனப்பெருக்க உறுப்பின் உள்ளமைப்பை வைத்து ஹைட்டியா என்ற இன்னொரு பேரினத்தில் வைத்தார். ஹைட்டியா அக்யூட்டா என்று எங்காவது பார்த்தால் பதற வேண்டாம், அதே ஆள்தான்.

இரண்டு தகராறும் ஒரே மாதிரி இல்லை. இரண்டு நத்தை ஒரே இனமா என்பதைக் கோப்பையில் விட்டுப் பார்த்து முடிவு செய்ய முடிந்தது. ஒரே பேரினமா என்பதற்கு அப்படி ஒரு சோதனை கிடையாது. உறவு மரத்தில் எந்த இடத்தில் கோடு போட்டு இதுவரை ஒரு பேரினம் என்று சொல்வது என்பது, மரத்துக்கு எதிராகப் போகாதவரை, ஆய்வாளரின் தீர்ப்பு. அதனால்தான் ஒரே ஆண்டில் வரும் இரண்டு நல்ல கட்டுரைகள் இரண்டு பெயரைப் பயன்படுத்தலாம், இரண்டும் தவறில்லை.

மேல் படிகளைச் சீக்கிரம் முடித்துவிடலாம். விலங்குலகம், மெல்லுடலிகள் தொகுதி, வயிற்றுக்காலிகள் வகுப்பு. பள்ளிப் புத்தகத்தில் வயிற்றுக்காலிகளை நுரையீரல் உள்ளவை, செவுள் உள்ளவை என்று பிரித்திருப்பார்கள். 2005க்குப் பிறகு நுரையீரல் நத்தைகள் என்பது முறையான பிரிவாகக் கருதப்படுவதில்லை. நம் நத்தை இப்போது ஹைக்ரோஃபிலா என்ற நன்னீர்க் கூட்டத்தில் இருக்கிறது. தேர்வுக்குப் படிப்பவர்கள் உங்கள் பாடப்புத்தகம் சொல்வதையே எழுதுங்கள், மதிப்பெண் முக்கியம்.

பெயரில் இல்லாத செய்தி

ஊடுருவி என்பது இந்த நத்தையின் பெயரில் எங்கும் இல்லை. வகைப்பாட்டுக்கு அது தேவையும் இல்லை. வெளியிலிருந்து வந்தது அயல் இனம். வந்து, தானே பெருகி, பரவி, இருப்பவற்றுக்கு இடைஞ்சல் செய்தால் ஊடுருவும் இனம். இதே நத்தை மிசிசிப்பிக் கரையில் உள்ளூர்க்காரர், இங்கே அயலார். நீலகிரிக்காரர்களுக்கு உண்ணிச்செடியையும் சீகை மரத்தையும் பார்த்துப் பார்த்து இந்த வித்தியாசம் பழக்கப்பட்டதுதான்.

பெயர் வைப்பவர்களே இதில் கை வைத்ததும் உண்டு. இந்திய நத்தைகள் பலவற்றுக்குப் பெயர் வைத்த வில்லியம் பென்சன், கிழக்கிந்தியக் கம்பெனி அதிகாரி. 1847இல் மொரீஷியஸிலிருந்து ஆப்பிரிக்கப் பெரு நத்தையைக் கல்கத்தாவுக்கு உயிரோடு கொண்டுவந்தவரும் அவர்தான். இன்று தென்னிந்தியத் தோட்டங்களில் மழைக்காலத்தில் வாழை, பப்பாளி எல்லாவற்றையும் மேயும் அந்த நத்தை பல ஆண்டு அக்காட்டினா ஃபூலிகா, இப்போது லிஸ்அக்காட்டினா ஃபூலிகா. அடைப்புக்குறி எப்போது வந்திருக்கும் என்று இனி நீங்களே சொல்லிவிடலாம்.

ஃபைசெல்லா இந்தியாவுக்கு வந்து குட்டைகளிலும் சாக்கடைகளிலும் நிலைத்துவிட்டது. மேற்கு வங்கத்துக் குட்டைகளில் இதன் பெருக்கத்தை ஆராய்ந்து கட்டுரைகள் எழுதியிருக்கிறார்கள். சில இந்தியக் கட்டுரைகளில் பெயர் ஃபைசா (ஹைட்டியா) மெக்சிகானா என்று இருக்கும். இங்கே நடுவில் வரும் அடைப்புக்குறி வேறு வகை: பேரினத்துக்கும் சிற்றினத்துக்கும் இடையே வந்தால் அது துணைப்பேரினம். ஒரே வகைக் குறி, இடம் மாறினால் வேலை மாறுகிறது. மெக்சிகானா என்று தேடுகிறவருக்கு அக்யூட்டா பற்றிய கட்டுரை கிடைக்காது, அக்யூட்டா என்று தேடுகிறவருக்கு மெக்சிகானா கிடைக்காது. ஒரு நாட்டில் எந்த ஆண்டு முதல் ஓர் அயல் இனம் இருக்கிறது என்ற அடிப்படைக் கணக்கே இதனால் தப்பும்.

காற்றை மேலே வந்து எடுத்துக்கொள்வதால் இதற்குச் சாக்கடைத் தண்ணீரும் ஒத்துக்கொள்ளும். ஆக்சிஜன் குறைந்தாலும் சாகாது. எனவே மீன்தொட்டியைக் கழுவுகிறவர்கள் அந்தத் தண்ணீரை ஓடையிலோ ஊட்டி ஏரியிலோ கொட்ட வேண்டாம். தோட்டத்து மண்ணில், வடிகாலுக்குத் தள்ளி ஊற்றிவிடுங்கள். கோத்தகிரி, குன்னூர் ஓடைகள் பவானிக்குப் போகின்றன. ஊட்டிப் பக்கத்திலிருந்து மோயாறுக்குப் போகும் தண்ணீரும் கடைசியில் பவானிசாகரில்தான் பவானியோடு சேர்கிறது. மலையில் விட்டது மலையோடு நிற்காது.

ஓடையில் இப்படி ஒரு நத்தையைப் பார்த்தால் குறித்து வைப்பது நல்லது. படம் எடுப்பதானால் நுனி மேலே, வாய் கேமராவைப் பார்த்து ஒன்று. உயிரோடு ஊரும்போது கொம்பு தெரிய ஒன்று. பக்கத்தில் ஒரு ரூபாய் நாணயம். தேதி, இடம், ஓடும் தண்ணீரா நின்ற தண்ணீரா என்பது. மூடி இல்லை, நுனி கூர், வாய் இடது, கொம்பு நூல் என்று தெரிந்தால் ஃபைசிடே குடும்பம் என்று எழுதுங்கள், அதற்குமேல் படத்தை வைத்து அக்யூட்டா என்று அடித்துச் சொல்ல வேண்டாம். ஓடு என்னென்ன வேலை காட்டும் என்று பார்த்தோம். இனம் வரை போக வேண்டுமென்றால் உள்ளுறுப்பையோ டிஎன்ஏவையோ பார்க்க வேண்டியிருக்கும். அதற்காக ஒன்றிரண்டைச் சேமிப்பவர்கள் எத்தனாலில் போட்டு வையுங்கள். ஃபார்மலினில் போட்டால் உருவம் கெடாது, ஆனால் டிஎன்ஏ எடுப்பது பெரும்பாடு.